இரண்டாவது நாவலை எரித்தவள்

அந்தப் பதிப்பகத்தில் பிழை திருத்துகிறவரைக் காற்புள்ளி என்றுதான் கூப்பிடுவார்கள். மேஜை மேல் குனிந்து குனிந்து முதுகு அந்த வடிவத்துக்கு வந்துவிட்டது. அவர் பார்த்து முடித்த புத்தகத்தில் எழுத்துப் பிழை தேடப்போனவர்கள் கடைசியில் தங்கள் மூக்குக் கண்ணாடியைத்தான் மாற்றிக்கொண்டார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. பேச்சைக் கிளப்பியது அவரேதான்.

பழைய, நல்ல நாவல்களைத் தேடிப் பிடித்து மறுபடி அச்சிடுவது பதிப்பகத்தின் வேலை. பதினாறு பக்கம் சேர்ந்தால் ஒரு பாரம். நாவல் எழுதியவர் யாரும் பாரத்தைப் பார்த்துக் கதையை முடிப்பதில்லை. அதனால் கடைசிப் பாரத்தில் இரண்டு பக்கமோ ஐந்து பக்கமோ காலியாக நிற்கும். பெரிய முதலாளிக்குக் காலிப் பக்கத்தைக் கண்டாலே ஆகாது. "யோவ் காற்புள்ளி, அந்த ஆளோட வாழ்க்கையை எழுதி நிரப்புய்யா" என்பார். ஆக, செத்துப்போன எழுத்தாளர்கள் எவ்வளவு நீளம் வாழ்ந்தார்கள் என்பதைக் கடைசிப் பாரம்தான் தீர்மானித்தது.

தெரிந்த தகவல் போதாதபோது காற்புள்ளி தம் கையிலிருந்து கொஞ்சம் போட்டார். ஒருவருக்கு ஒற்றைக்கண் பூனை கொடுத்தார். இன்னொருவரை வெள்ளத்தில் இறக்கி, கையெழுத்துப் பிரதியைப் பல்லில் கவ்வியபடி நீந்த வைத்தார். அந்த மனிதருக்கு நீச்சலே தெரியாது என்று பின்னால் தெரியவந்தது. அடுத்த பதிப்பில் ஆற்றின் ஆழத்தைக் குறைத்துவிட்டார். யாரும் ஒன்றும் கேட்கவில்லை. செத்தவர்கள் மறுப்புக் கடிதம் எழுதுகிற ஜாதி இல்லை.

முப்பத்தொரு வருடத்துக்கு முன்னால் அப்படித்தான் பாலத்துக் காவலாளியின் கதையைச் சொல்லும் நாவல் அவர் மேஜைக்கு வந்தது. கடைசியில் மூன்று பக்கம் காலி. எழுதியவர் தபால் நிலையத்தில் கடிதம் பிரிக்கிற வேலை பார்த்தவர். ஒரே ஒரு நாவல். நாற்பத்தொரு வயதில் போய்விட்டார். இதைச் சுற்றி வளைத்து எழுதியும் அரைப் பக்கம்தான் தேறியது. இவ்வளவு அருமையாக எழுதியவர் ஏன் ஒன்றோடு நிறுத்தினார்? காற்புள்ளி பேனாவைக் காதில் சொருகி யோசித்தார். நிறுத்தவில்லை என்று முடிவு செய்தார். அந்தத் தபால்காரர் நாலு வருடம் பாடுபட்டு இரண்டாவதையும் எழுதினார். வீட்டைக் கவனிக்காத புருஷன் மேலிருந்த ஆத்திரத்தில் மனைவி ஒரு மாலை அதை அடுப்பில் போட்டாள். பச்சை மையில் எழுதிய தாள்கள் ஓரம் சுருண்டு கருகின. சரியாக மூன்றாம் பக்கத்தின் கடைசி வரியில் சாம்பலானது நாவல். அன்றைக்குக் காற்புள்ளிக்குச் சாப்பாடு நன்றாக இறங்கியது.

கதை கால் முளைத்து ஓடியது. பாடப்புத்தகத்தில் ஏறியது. மேடைப் பேச்சாளர்கள் அந்த இடத்தில் தண்ணீர் குடித்தார்கள், கைக்குட்டை எடுத்தார்கள். நாவல் ஒன்பது பதிப்பு கண்டது. கூட்டத்தின் கடைசி வரிசையில் காற்புள்ளி, பரிசு வாங்கும் பிள்ளையைப் பார்க்கிற அப்பா மாதிரி உட்கார்ந்திருப்பார். அந்த மனைவி உயிரோடிருக்கிறாளா என்று அவர் விசாரிக்கவில்லை. விசாரித்தால் கதை கெட்டுவிடும் என்பது அவருடைய தொழில் அனுபவம்.

பத்தாவது பதிப்புக்கு வேலை நடந்துகொண்டிருந்தபோது, அறுபது வயது மதிக்கத்தக்க ஒரு பெண் அவர் மேஜைக்கு எதிரே வந்து உட்கார்ந்தாள். ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவளாம்.

"அந்தப் பாலத்து நாவலை மறுபடி போடறீங்களாமே சார். எங்கம்மா ஒரு வரி சேர்க்கச் சொன்னாங்க."

"அம்மான்னா..."

"எரிச்சவங்க."

காற்புள்ளியின் பேனா மேஜையில் உருண்டு தரையில் விழுந்தது. "இருக்காங்களா?"

"எண்பத்தொன்பது வயசாகுது. ஏன் சார், நீங்க அவங்களையும் முடிச்சுட்டீங்களா?"

"சேச்சே. என்ன வரி?"

"'நான் செய்தது பெரிய தப்பு, படிக்கிறவங்க எல்லாரும் என்னை மன்னிக்கணும்.' அவ்வளவுதான். கண்ணை மூடறதுக்குள்ள அது அச்சுல வரணும்னு துடிக்கிறாங்க."

பக்கத்து அறையிலிருந்து சின்ன முதலாளி எட்டிப் பார்த்தார். "பிரமாதம்! அட்டையிலேயே போட்டுடலாம் மேடம்."

காற்புள்ளி பேனாவை எடுக்கிற சாக்கில் மேஜைக்கு அடியிலேயே கொஞ்ச நேரம் இருந்தார். மேலே அந்தப் பெண் பேசிக்கொண்டே போனாள்.

"அப்பா போனப்ப எனக்கு ஆறு வயசு சார். எனக்கு அவர்னா அந்தப் புத்தகம்தான். கடைசி மூணு பக்கத்தைப் படிச்சப்ப இருபத்தொன்பது. நேரா அம்மாகிட்ட போய்க் கேட்டேன். 'நான் எதையும் எரிக்கலடி'ன்னாங்க. 'அச்சுல பொய்யா போடுவாங்க?'ன்னு கேட்டுட்டு வெளியே வந்தவதான். பதினோரு வருஷம் அந்த வாசலை மிதிக்கல. அப்புறம் அம்மாவே லெட்டர் போட்டாங்க. 'ஆமாம், எரிச்சேன். வந்துடு'ன்னு. போனேன். எதுவா இருந்தாலும் அம்மா இல்லையா?"

சொல்லிவிடு, இப்போதே சொல்லிவிடு என்று உள்ளே ஒன்று அவரைப் பிடித்து உலுக்கியது. வாயைத் திறந்தார். "நாளைக்கு நேர்ல வந்து எழுதிக்கறேன்" என்று வந்தது. இத்தனை வருடமாகப் பிறர் வாழ்க்கையில் தாராளமாகப் புகுந்து புறப்பட்ட மனிதருக்கு, தம்முடைய வாழ்க்கையில் ஒரே ஒரு உண்மை வாக்கியம் அமையவில்லை.

மறுநாள் பிற்பகல் போனார். மாடியில் ஒற்றை அறை. ஜன்னலோரம் இரும்புக் கட்டில், மருந்து சீசாக்கள் அடுக்கிய ஸ்டூல், சுவரில் ஒரு பலகை. பலகையில் ஒன்பது பதிப்பும் வரிசையாக இருந்தன. ஒன்பதிலும் கடைசிப் பக்கங்கள் மட்டும் புரட்டிப் புரட்டி உப்பியிருந்ததைத் தூரத்திலிருந்தே அவர் பார்த்துவிட்டார். கட்டிலில் சின்னஞ்சிறு உருவமாக அந்த அம்மாள் சாய்ந்திருந்தாள். கண்ணில் வெளிச்சம் மட்டும்தான் தெரியுமாம். பக்கத்தில் மகள் மருந்து ஊற்றிக்கொண்டிருந்தாள்.

"யாரு?"

"பிழை திருத்தறவன்மா. பதிப்பகத்துலேர்ந்து."

"யாரோட பிழையை?"

காற்புள்ளி கட்டிலருகே கிடந்த நாற்காலியில் உட்கார்ந்தார். பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டார். வழியெல்லாம் ஒத்திகை பார்த்த பேச்சு முழுக்க மறந்துபோய்விட்டது.

"என்னோடதைத்தான்மா. அந்த மூணு பக்கம் நான் எழுதினது. நீங்க எதையும் எரிக்கல. பக்கம் காலியா இருந்துச்சு. அதனால எழுதினேன். வேற ஒரு காரணமும் இல்ல."

மகளின் கையிலிருந்த மருந்து மூடி நழுவி, தரையில் உருண்டு, கட்டிலுக்கு அடியில் போனது. அவள் குனியவில்லை.

கிழவி சிரித்தாள். "எரிச்சேன் தம்பி. எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. பச்சை மை. ஓரம் சுருண்டு சுருண்டு..."

"பச்சை மை நான் போட்டதும்மா."

"நீ அங்க இருந்தியா?"

"இல்லம்மா."

"நான் இருந்தேன்."

காற்புள்ளி மகளைப் பார்த்தார். மகள் அவரைப் பார்த்த பார்வையில் பதினோரு வருடமும் இருந்தது. ஒரு வருடம் கூடக் குறையவில்லை.

"அம்மா, இரண்டாவது நாவல்னு ஒண்ணு கிடையவே கிடையாது. சத்தியமா."

அப்போதுதான் அந்த அம்மாளின் முகம் மாறியது. கை போர்வையைத் தடவித் தேடியது.

"கிடையாதா? தினம் சாயங்காலம் கதவைச் சாத்திக்கிட்டு உட்காருவாரே. நாலு வருஷம். நானும் இவளும் செருப்பைக் கையில தூக்கிக்கிட்டு, சத்தம் வராம நடப்போமே. அடுப்படியில ஒரு பாத்திரம் உருண்டா உயிர் போயிடுமே எனக்கு. அப்ப உள்ள என்னதான் பண்ணிட்டிருந்தாரு மனுஷன்?"

ஒரு பழியை இறக்கி வைக்க வந்த காற்புள்ளி, கிழவியின் நாலு வருடத்தைக் காலி செய்துவிட்டு உட்கார்ந்திருந்தார். எழுந்து ஓடிவிடலாமா என்று கதவைப் பார்த்தார். கதவுக்கும் அவருக்கும் நடுவே மகள் நின்றாள்.

அவள் மெதுவாக வந்து கட்டிலில் உட்கார்ந்து அம்மாவின் கையைப் பிடித்தாள்.

"என்னை மன்னிச்சுடும்மா."

"நீ என்னடி பண்ணினே?"

"ஒண்ணுமில்ல. இந்தா பாரு, நீ எரிச்சது அப்பாவோட ஆபீஸ் தாள்மா. வேண்டாத காகிதம். நாவல் வேற இடத்துல இருந்திருக்கு. இப்பத்தான் கிடைச்சிருக்கு. அதைச் சொல்லத் தெரியாமத்தான் இவர் என்னென்னமோ உளர்றாரு."

"கிடைச்சுதா?"

"பையில கொண்டு வந்திருக்காரு."

பையில் இருந்தது தேனீ வளர்ப்புப் புத்தகத்தின் பிழை பார்க்காத தாள்கள். காற்புள்ளி வேண்டாம் என்று கையை ஆட்டிப் பார்த்தார். மகள் அவர் காதருகே குனிந்தாள். "புத்தகத்துல உண்மை வரணும். உங்க பேரைப் போட்டு. இங்க அம்மாவுக்கு அப்பாவோட நாவல் வேணும். தினம் நாலு மணிக்கு வந்து படிக்கணும்."

"மேடம், இது தேனீ..."

"எங்கம்மாவைப் பத்தி எழுதறப்ப கையில என்ன இருந்துச்சு? படிங்க."

அதில் மன்னிப்பின் வாசனை கூட இல்லை. அவர் தாள்களை எடுத்தார். எத்தனையோ பொய்யைக் கண் சிமிட்டாமல் எழுதியவர் இப்போது எந்தத் தாளில் தொடங்குவது என்று புரட்டப் புரட்டத் தாள்கள் சலசலத்தன. அந்தச் சத்தத்தைக் கேட்டுக் கிழவியின் தலை அவர் பக்கம் திரும்பியது.

"நிறைய இருக்கே. தம்பி, படிக்கிறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லு. அதுல நான் வர்றேனா?"

"வர்றீங்கம்மா."

"எந்த இடத்துல?"

"முதல் பக்கத்துலயே வர்றீங்க."

"போய்யா. அவர் என்னை முதல் பக்கத்துல வைக்கிற ஆளா? கண்ணாடியைத் துடைச்சுட்டுச் சரியாப் பாரு."

காற்புள்ளி கண்ணாடியைத் துடைத்தார். தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார். இல்லாத ஒரு நாவலில் அவளை எங்கே வைத்தால் அவள் நம்புவாள், எங்கே வைத்தால் அவளுக்கு வலிக்காது என்று தேடினார். ஒரு எழுத்தாளருக்காக அவர் இவ்வளவு யோசித்ததே இல்லை.

"நாற்பத்தேழாம் பக்கம்மா."

கிழவி அதை மனசுக்குள் வைத்துப் பார்த்தாள்.

"அது சரி" என்றாள். "அங்கேருந்தே படி."