சொரீசோ செய்த ஞாயிற்றுக்கிழமை

பிளம்பரைக் கல்யாணம் செய்துகொண்டு தபால்காரி அந்த வீட்டுக்கு வந்து பதினோரு மாதம் ஆகியிருந்தது. அவளுக்கு நாற்பத்தெட்டு வயது, அவருக்கு ஐம்பத்திரண்டு. இருவருக்கும் இது இரண்டாவது கல்யாணம். வீட்டில் எல்லாமே அவளுக்குப் பழகிவிட்டது, ஒன்றைத் தவிர. பிளம்பரின் மகள் அவளை இன்னும் எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

மகள் லாரி ஓட்டுகிறவள். வாரத்தில் ஐந்து நாள் நெடுஞ்சாலை, சனி ஞாயிறு வீடு. மரியாதைக்கு ஒரு குறைச்சலும் இல்லை. ஆனால் சித்தி என்றோ ஆன்ட்டி என்றோ ஒரு வார்த்தை வாயிலிருந்து வராது. ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் எதிரே வந்து நின்று, தபால்காரி நிமிர்ந்து பார்க்கும்வரை காத்திருந்து, பிறகுதான் ஆரம்பிப்பாள். பக்கத்து அறையில் இருந்துவிட்டால், "அப்பா, அவங்கள கொஞ்சம் வரச் சொல்லுங்க" என்பாள்.

ஏழு தெரு ஆட்களின் பெயர்களையும் மனப்பாடமாக வைத்திருந்த தபால்காரிக்கு, தனக்கென்று ஒரு பெயர் இல்லாதது உறுத்தத்தான் செய்தது. ஆனாலும் கேட்கவில்லை. கேட்டு வாங்கினால் அது கூப்பிட்டதாகுமா?

மகள் போய்வரும் சாலையில் ஒரு மெக்சிகோக்காரத் தம்பதி சின்னதாகச் சாப்பாட்டுக் கடை வைத்திருந்தார்கள். அங்கே சொரீசோ கிடைக்கும். மிளகாயும் வினிகரும் பூண்டும் அரைத்துப் பிசைந்த காரமான பன்றிக்கறி சாசேஜ். அதை வறுத்து முட்டையோடு கிளறித் தருவார்கள். மகள் வீட்டுக்கு வந்தால் அதைப் பற்றித்தான் பேச்சு. அவர்கள் கடையை மூடிக்கொண்டு கிளம்பியபோது, கடைக்காரம்மா ஒரு பை நிறையக் காய்ந்த மிளகாயும், செய்முறை எழுதிய தாளும் மகளிடம் கொடுத்துவிட்டுப் போனாள். மகள் அந்தப் பையை ஃப்ரிட்ஜ் மேல் வைத்தாள். மூன்று வாரம் அது அங்கேயே கிடந்தது.

நாலாவது சனிக்கிழமை காலையில் தபால்காரி ஸ்டூல் போட்டு ஏறி அதை இறக்கினாள்.

"இத என்ன பண்றதா உத்தேசம்? பூச்சி வர்றதுக்குள்ள சொல்லு."

"எனக்கு லாரிதான் ஓட்டத் தெரியும்" என்றாள் மகள். "சமையல் வராது."

"எனக்கும் சாசேஜ் வராது. ரெண்டு பேரும் சேர்ந்தே கெடுப்போம். போய் கறி வாங்கிட்டு வா. தோள்பட்டைக் கறி, கொழுப்போட."

மகள் ஒரு கணம் நின்றாள். பிறகு சாவியை எடுத்துக்கொண்டு போனாள்.

மிளகாய் ஒவ்வொன்றும் கையகலம், கருஞ்சிவப்பு, தோல் சுருங்கி உலர்ந்த திராட்சை மாதிரி வாசனை. விதையை உதறிவிட்டு வெந்நீரில் ஊறப்போட்டார்கள். பூண்டு, சீரகம், பட்டை, கிராம்பு, வினிகர் சேர்த்து அரைத்தபோது இருவருக்கும் மாறி மாறித் தும்மல். அரைத்த கறியில் விழுதையும் உப்பையும் கொட்டி, மகள் முழங்கைவரை சிவக்கச் சிவக்கப் பிசைந்தாள். ஸ்டியரிங் பிடித்த கை, அசரவே இல்லை. மூடி ஃப்ரிட்ஜில் வைத்தார்கள்.

மறுநாள் மத்தியானம் குடலில் அடைக்கிற வேலை. உப்பில் போட்டிருந்த பன்றிக்குடலை ஊறவைத்து, குழாயில் மாட்டி உள்ளே தண்ணீர் விட்டு அலசினார்கள். இரவல் வாங்கிய கறி மெஷினுக்கு முன்குழல் இல்லை. பிளம்பர் ஒரு புதுப் புனலின் வாலை அளந்து வெட்டி மாட்டிக் கொடுத்துவிட்டு, பாராட்டை எதிர்பார்த்து சமையலறை வாசற்படியிலேயே நின்றார். யாரும் கவனிக்கவில்லை.

தபால்காரி கைப்பிடியைச் சுற்றினாள். மகள் மறுமுனையில் குடலைப் பிடித்துக்கொண்டாள். முதலில் காற்றுதான் வந்தது. பிறகு சிவப்பாக, கொழுகொழுவென்று இறங்க ஆரம்பித்தது. தபால்காரிக்கு உற்சாகம் தலைக்கேறிவிட்டது. குனிந்தபடி முழு வேகத்தில் சுற்றினாள். மகளின் கையில் சாசேஜ் பலூன் மாதிரி உப்பியது. இரண்டு கையும் விட முடியாது. எதிரே போய் நிற்கவும் முடியாது.

"போதும்... ஐயோ, போதும்... போஸ்ட்டாபீஸ்! நிறுத்துங்க!"

பட்டென்று குடல் வெடித்தது. ஃப்ரிட்ஜ் கதவில், மகளின் மூக்கில், பிளம்பரின் வெள்ளைச் சட்டையில் என்று பாரபட்சமில்லாமல் கறி தெறித்தது.

தபால்காரி மெதுவாக நிமிர்ந்தாள்.

"என்ன சொன்ன? போஸ்ட்டாபீஸா?"

மகளுக்கு முகம் வெளிறிவிட்டது. "பாத்ரூம்ல குழாய் சொட்டுது" என்று சொல்லிக்கொண்டே பிளம்பர் கமுக்கமாக நழுவப் பார்த்தார்.

"நில்லுங்க. உங்களுக்கும் தெரியுமா?"

"பாப்பா வச்ச பேரு" என்றார் அவர். "நான் சும்மா கேட்டுக்கிட்டுதான்..."

"எப்போலேருந்து?"

"நீங்க வந்த ரெண்டாவது வாரத்துலேருந்து" என்றாள் மகள் தரையைப் பார்த்து. "ஒன்பது மணிக்குத் திறந்தா அஞ்சு மணிக்கு மூடிடுவீங்க. அதுக்கு மேல ஒரு வார்த்தை பேச மாட்டீங்க. ரூமுக்குள்ள போயிடுவீங்க."

"நீ வீட்டுல இருக்கிற ரெண்டு நாளு அப்பாவும் பொண்ணும் பேசட்டும்னுதான்டி நான் உள்ள போனேன்."

"எனக்கு எப்படித் தெரியும்? என்னைப் பிடிக்கலேன்னு நெனச்சேன்."

ஃப்ரிட்ஜ் கதவிலிருந்து கறி உருண்டை ஒன்று வழுக்கி, சொத்தென்று தரையில் விழுந்தது. முதலில் தபால்காரிதான் சிரித்தாள். அப்புறம் அடக்க முடியாமல் விழுந்து விழுந்து சிரித்தாள். பதினோரு மாதமாகத் தான் இல்லாத நேரத்திலெல்லாம் இந்த வீட்டில் தன் பேச்சு நடந்திருக்கிறது! பெயரே இல்லை என்று ஏங்கியவளுக்கு, முழுசாக ஒரு அரசாங்கக் கட்டடமே பெயராக இருந்திருக்கிறது.

"தப்பா எடுத்துக்காதீங்க. இனிமே சித்தின்னே..."

"சித்தியெல்லாம் வேணாம்" என்றாள் தபால்காரி, கண்ணைப் புறங்கையால் துடைத்துக்கொண்டு. "எத்தனை பேருக்குச் சித்தி இருக்காங்க! போஸ்ட்டாபீஸ் யாருக்கு இருக்கு? புதுக் குடல் எடு. இந்தத் தடவை நான் பிடிக்கிறேன், நீ சுத்து."

மகள் சுற்றினாள், இரண்டாம் கியரில் மேடு ஏறுகிற நிதானத்தோடு. முடித்துப் பார்த்தால் பதினாலு சாசேஜ். ஒன்று விரல் மாதிரி, ஒன்று வாழைக்காய் மாதிரி, ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. நாலைந்தைப் பிதுக்கிச் சட்டியில் போட்டு வறுத்தபோது சிவப்பு எண்ணெய் பிரிந்து வந்தது. ஆறு முட்டையை உடைத்து ஊற்றினார்கள்.

மகள் ஒரு வாய் எடுத்து நிதானமாக மென்றாள். "அந்தக் கடை மாதிரி இல்ல" என்றாள்.

தபால்காரியின் முகம் தொங்கியது.

"இதுல கிராம்பு தூக்கலா இருக்கு" என்றாள் மகள் மறுபடி எடுத்துக்கொண்டே. "நல்லாத்தான் இருக்கு போஸ்ட்டாபீஸ், சாப்பிடுங்க. ஆறிடும்."

சட்டை மாற்றிக்கொண்டு வந்த பிளம்பர், பெருமிதத்தோடு இரண்டு பேருக்கும் நடுவில் நாற்காலியை இழுத்துப் போட்டார். சட்டி எட்டவில்லை என்று இருவரும் சேர்ந்து அவரை ஓரத்துக்குத் தள்ளினார்கள்.