தழும்பு விரல்காரர் யார்?

அருங்காட்சியகத்தில் உடைந்த பானைகளை ஒட்டுவது அவள் வேலை. அதனால் வாட்ச்மேன் முதல் இயக்குநர் வரை எல்லாருக்கும் அவள் ‘ஒட்டம்மா’. இயக்குநரோ நாலு வருஷமாக ஒரே ஜாடியைக் கட்டிக்கொண்டு மாரடிக்கிறார். அதன் கழுத்தில் ஒரு கட்டைவிரல் ரேகை, குறுக்கே ஒரு தழும்பு. ஈராயிரம் வருஷத்துக்கு முந்திய குயவனின் காயமாம். ‘தழும்பு விரல்காரர் யார்?’ என்று நாளைக்குப் பேசப் போகிறார். அழைப்பிதழும் அடித்தாயிற்று.

“ஒட்டம்மா, ஜாடியைக் கொஞ்சம் துடைச்சு வைங்க.”

ஈரப் பஞ்சை வைத்தாள். ரேகை இருந்த துண்டு மட்டும் சாயம் விட்டது. அடியில் வெள்ளை வெளேரென்று பிளாஸ்டர்! ஓட்டையை பிளாஸ்டரால் அடைத்தால் கிட்டப் பார்க்கிறவருக்குத் தெரிகிற மாதிரி நிறம் மாற்றிப் பூச வேண்டும், அதுதான் விதி. விதியாவது மண்ணாவது என்று அச்சு அசலாகப் பூசிவிட்டு, குறிப்பும் எழுதாமல் போகிற ஆள் இவளுக்கு முன்னால் இந்த மேசையில் ஒருத்தர்தான் இருந்தார். இவளுடைய அப்பா. டப்பா திறக்கப் போய்க் கட்டைவிரலைக் கிழித்துக்கொண்டவர். செத்து ஒன்பது வருஷம் ஆகிறது.

அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. சொன்னால் அந்தத் துண்டைப் பெயர்த்து எடுக்கச் சொல்வார்கள். சொல்லாவிட்டால் அப்பா கண்ணாடிக்குள் ராஜா மாதிரி இருப்பார். ஆனால் என்றைக்காவது குட்டு உடைந்தால் இயக்குநர் ஊர் முன்னால் மூக்கறுபட்டு நிற்பாரே, அதற்கும் மனசு வரவில்லை.

“சார், இந்தக் குயவனை எனக்குத் தெரியும்.”

“என்னம்மா உளர்றீங்க?”

“எங்கப்பா சார்.”

இயக்குநர் ஜாடியைப் பார்த்தார், பஞ்சைப் பார்த்தார், உட்கார்ந்துவிட்டார். அப்புறம், “எடுத்துடுங்க” என்றார்.

எடுத்தாள். இன்னொரு விதியும் இருக்கிறதே: பொருளிலிருந்து கழற்றிய எதையும் தூக்கிப் போடக் கூடாது, எண் கொடுத்துப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும். ஏற்றினாள். பிளாஸ்டர் துண்டு, கட்டைவிரல் ரேகை, தழும்புடன். ‘செய்தவர்’ என்ற கட்டத்தில் அந்தப் பதிவேடு முழுக்க ‘தெரியவில்லை’தான். அவள் ‘அப்பா’ என்று எழுதினாள்.

கையெழுத்துப் போட வந்த இயக்குநர் அந்த இடத்தில் நின்றார்.

“அப்பான்னெல்லாம் எழுதக் கூடாதும்மா.”

“ஏன் சார்?”

பேனாவைத் திறந்தார். கையெழுத்துப் போட்டார். வாசல் வரை போனவர் திரும்பினார்.

“அழைப்பிதழை மாத்த வேணாம். கேள்வி நான் கேட்டதுதான், பதில நீங்க வந்து சொல்லிடுங்க.”