பிறந்த வீட்டுக் கோடி

கோலாலம்பூர் நீதிமன்றத்துத் தாழ்வாரத்தில் தம்பி அய்யாவு உட்கார்ந்திருப்பான் என்று பவுனம்மாள் நினைக்கவேயில்லை. தெலுக் பங்லிமா காராங்கிலிருந்து முதல் பஸ் பிடித்து வந்திருந்தான். வெளுத்த சட்டை, காலில் புதுச் செருப்பு. அவளைக் கண்டதும் எழுந்தான்.

"பவுனக்கா, பசியாறிட்டியா?"

பதில் வாய்வரைக்கும் வந்துவிட்டது. அதற்குள் மகன் நாகையா அவள் முழங்கையைப் பிடித்தான்.

"பேசாதம்மா. எதிராளிங்கதான் சம்மன் அனுப்பி மாமாவ வரவச்சிருக்கானுங்க. பேசுனா கேஸ் போச்சு லா."

அவள் தலையைக் குனிந்துகொண்டு தம்பியைக் கடந்து போனாள்.

விஷயம் இதுதான். கிள்ளானில் நாகையா தலைவராக இருந்த கோயில் சங்கம் ஒரு சாதிக்கென்று ஏற்பட்டது. தாய், தகப்பன் இருவருமே அந்தச் சாதியில் பிறந்திருந்தால்தான் பதவி. தேர்தலில் தோற்ற ரெங்கசாமி, "அப்பன் நம்ம ஆளு, ஆத்தா தப்படிக்கிற வீட்டுப் பொண்ணு" என்று கிளப்பிவிட்டான். சங்கம் நாகையாவை நீக்கியது. அவன் வழக்குப் போட்டான். பதவி போனால் போகட்டும் என்று பவுனம்மாள் சொல்லிப் பார்த்தாள். "பதவிக்கா அழறேன்? தங்கச்சிக்குப் பேசுன மாப்பிள்ள வீடு இந்தத் தீர்ப்புக்குத்தான் காத்துக்கிட்டு இருக்கு" என்றான். மகள் புஷ்பவல்லியின் முகத்தை நினைத்து அவள் கூண்டேறினாள்.

மலாய்க்கார நீதிபதி பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். சொல்லிக்கொடுத்தபடி சொந்த ஊர், பெற்றவர்கள் வந்த கப்பல் எல்லாம் பிசகாமல் ஒப்பித்தாள். பெற்ற தகப்பன் சின்னையாவின் பேரை விழுங்கிவிட்டு அந்தச் சாதிக்காரர் யாரோ ஒருவர் பேரைத் தகப்பன் பேராகச் சொன்னாள்.

ரெங்கசாமி தரப்பு வக்கீலும் தமிழர்தான். அவர் ஊரையும் கப்பலையும் தொடவேயில்லை.

"உங்க வீட்டுக்காரர் இறந்தப்ப பொறந்த வீட்டுக் கோடி யாரும்மா போட்டது?"

இதை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. நீதிபதிக்குக் கோடி என்றால் விளங்கவில்லை. மொழிபெயர்ப்பாளர் விளக்கினார்: தாலி இழந்தவளுக்குக் கூடப்பிறந்தவன் புதுச்சேலை கொண்டுவந்து போடுவான், அவளே இறந்தாலும் அவன் கொண்டுவரும் சேலைதான் கடைசியாக அவள் மேல் கிடக்கும்.

கணவன் செத்த அன்று தோட்டத்தில் பேய்மழை. அய்யாவு சேலை நனையாமல் சட்டைக்குள் பொதிந்து கொண்டுவந்தான். அவள் தோளில் போர்த்திவிட்டு, "நான் இருக்கேன்க்கா" என்றான்.

"யாரும் போடலைங்க" என்றாள் பவுனம்மாள். "எனக்குப் பொறந்த வீடு இல்லைங்க."

அடுத்து அய்யாவுவைக் கூப்பிட்டார்கள். அவள் மகன் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். தம்பி ஒரு வார்த்தை நிஜம் சொன்னால் எல்லாம் கவிழ்ந்துவிடும். சொல்லட்டும் என்றும் இருந்தது, சொல்லக்கூடாதே என்றும் இருந்தது.

"இந்த அம்மா உங்களுக்கு யாரு?"

அய்யாவு அக்காவைப் பார்த்தான். தாழ்வாரத்தில் குனிந்த அவள் தலை இன்னும் நிமிரவில்லை.

"தெரியாதுங்க."

"அக்காவுக்குக் கோடி போட்டேன்னு தோட்டத்துல சொல்லியிருக்கீங்களே?"

"எங்கக்காவுக்குப் போட்டேன். அது செத்துப்போச்சுங்க."

ரெங்கசாமி பல்லைக் கடித்தான். கூண்டிலிருந்து இறங்கிய அய்யாவு யாரையும் பார்க்காமல் வெளியே போனான். புதுச் செருப்பு கதவு தாண்டும் வரைக்கும் கிறீச்சிட்டது.

வெளியே வந்ததும் அவர்கள் தரப்பு வக்கீல் நாகையாவின் கையைக் குலுக்கி, "கவலப்படாதீங்க, தீர்ப்பு நமக்குத்தான்" என்றார். நாகையாவுக்குத் தலைகால் புரியவில்லை. அம்மாவை மஸ்ஜித் இந்தியா கடைத்தெருவுக்கு அழைத்துப்போய்த் துணிக்கடையில் உட்காரவைத்தான்.

"தங்கச்சி கல்யாணத்துக்குக் கட்டிக்க நல்லதாப் பாத்து எடும்மா."

அவள் மேல்தட்டில் இருந்த வெள்ளைச் சேலையைக் காட்டினாள்.

"அது கோடிக்கு எடுக்குறது ஆன்டி" என்றார் கடைக்காரர்.

"அதுதான் வேணும்."

"யாரும்மா செத்தா?" என்றான் நாகையா.

"நான் போற அன்னிக்கு எனக்குத்தான். கொண்டாந்து போட ஆள் இல்லியே." சேலையை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே சொன்னாள்: "அன்னிக்கு யாராச்சும் கேட்டா, பொறந்த வீட்லருந்து வந்ததுன்னு சொல்லிடு. நமக்குத்தான் சொல்லிப் பழகிப்போச்சே."