இடக்கை கரைத்த மாவு

எங்கள் குடியிருப்பில் மாவு புளிக்க வேண்டுமென்றால் ராசியான கையை இரவல் வாங்குவது வழக்கம். கறிவேப்பிலை கேட்பதுபோல அடுத்த வீட்டில் கேட்போம். அவர்கள் மணிக்கட்டோடு கழற்றி, ஈரத்துணி சுற்றி, தூக்குவாளியில் வைத்துக் கொடுப்பார்கள். வேலை முடிந்ததும் கழுவித் துடைத்துத் திருப்பித் தர வேண்டும். சும்மா அனுப்பக் கூடாது என்று அம்மா அதற்கு ஒரு வாழைப்பழத்தைப் பிடிக்கக் கொடுப்பாள்.

ரெஜினா அக்காவுக்குக் கோதுமை ஆகாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். கோதுமை தொட்ட கை தொட்டால்கூட ஆகாதாம். அக்காவுக்கோ ரொட்டி என்றால் உயிர். இட்லி, கஞ்சி, எதைக் கொடுத்தாலும் இரண்டு வாய்க்கு மேல் இறங்கவில்லை. மெலிந்துகொண்டே போனாள். மோதிரம் கழன்று விழுகிறதென்று கட்டைவிரலில் மாட்டினாள். பிறகு அங்கேயும் நிற்கவில்லை.

அதனால் கேழ்வரகு மாவிலும் சிவப்பரிசி மாவிலும் புளிப்பு உண்டாக்கி, வீட்டிலேயே ரொட்டி சுடுவது என்று முடிவானது. மாவைத் தண்ணீரில் கரைத்து ஜாடியில் வைக்க வேண்டும். தினமும் பாதியை எடுத்துவிட்டுப் புது மாவு சேர்க்க வேண்டும், அது தானாகப் பொங்கும்வரை.

கீழ்வீட்டு மரியபுஷ்பம் பெரியம்மாவின் வலக்கைதான் எங்கள் பிளாக்கிலேயே ராசியானது. அது வந்து ஒரு கலக்குக் கலக்கியது. மறுநாளே ஜாடியில் நுரை. எடுத்த பாதியை வீணாக்காமல் அம்மா தோசைக்கல்லில் ஊற்றி அக்காவுக்குக் கொடுத்தாள். அக்கா அவ்வளவையும் வாந்தியெடுத்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுத்தாள்.

நான் கையை எடுத்துக்கொண்டு கீழே போனேன்.

“பெரியம்மா, இந்தக் கை கோதுமை தொட்டிருக்கா?”

“சத்தியமா இல்லப்பா. போன ஞாயித்துக்கெழம நாலு புரோட்டா பிச்சுப் போட்டேன். அதுவும் சால்னாவுக்குள்ளதான கெடந்துது.”

ஒவ்வொரு வீடாக விசாரித்தோம். ஒரு கை சப்பாத்தி என்றது, இன்னொரு கை கிறிஸ்துமஸ் கேக் என்றது. எல்லா வலக்கைகளும் உண்மையைச் சொல்லி விரலை மடக்கிக்கொண்டன.

படுத்திருந்த அக்காதான் கேட்டாள்: “ஏல, இடக்கை எதையாவது தொட்டிருக்குமா?”

“சீ! அது கழுவுத கைல்லா,” என்றாள் அம்மா.

“அதாம்மா சொல்லுதேன். அத மாதிரி கழுவுன கை வேற எங்க இருக்கு?”

பெரியம்மாவின் இடக்கை கூச்சத்தோடு வந்தது. சாப்பாட்டுக்கு அதை யாரும் அழைத்ததே இல்லை. பழைய மாவைக் கொட்டிக் கழுவிய ஜாடிக்கு முன்னால் வைத்தோம். அதற்குத் தெரிந்தது பாத்திரத்தை ஆடாமல் பிடிப்பது மட்டும்தான். ஜாடியை இறுகப் பிடித்தபடி அப்படியே இருந்தது. காலையில் சடை பின்னப் பெரியம்மா கூப்பிட்டால் போய்விட்டு, திரும்பி வந்து மறுபடி பிடித்துக்கொள்ளும். அம்மா கரண்டியால் மாவு போடும்போது முகத்தைத் திருப்பிக்கொள்வாள். நுரை இல்லை. ஈரச்சாக்கு வாடைதான் வந்தது. அக்காவுக்குத் தண்ணீர் டம்ளரைத் தூக்கக்கூட முடியாமல் போயிற்று.

அவளைத் தாங்கிப் பிடித்து அடுப்படிக்குக் கூட்டிவந்தேன். சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, தன் இடக்கையை அவளே மாவுக்குள் விட்டாள்.

“பாரு, எனக்குந்தான் தெரியல,” என்றாள் ஜாடியைப் பிடித்திருந்த கையிடம்.

பெரியம்மாவின் கை ஜாடியை விட்டது. பிறகு சுண்டுவிரலை மட்டும் நனைத்தது. பிறகு மற்ற விரல்களையும்.

மறுநாள் ஜாடியின் மூடி தூக்கிக்கொண்டு நின்றது. அம்மா பெரியம்மாவின் இடக்கைக்கு முன்னால் ஒரு டம்ளர் காப்பி வைத்தாள்.

மாவு ஒட்டிப்பிடிக்க மருந்துக்கடை இசப்கோல் உமி சேர்த்து, குக்கரில் மணல் பரப்பி ரொட்டி சுட்டோம். கறுப்பாக, மேலே வெடித்து, ஒரு பக்கமாகச் சாய்ந்து வந்தது. அக்கா ஒரு துண்டைப் பிய்த்துக் பால் விடாத கட்டஞ்சாயாவில் நனைத்துத் தின்றாள். இன்னொன்று கேட்டாள். சாயங்காலம்வரை அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். எதுவும் வெளியே வரவில்லை. இன்னும் இருக்கிறதா என்று கேட்டாள்.

அப்போது காலிங்பெல் அடித்தது. அம்மா போய்க் கதவைத் திறந்தாள். அக்காவை விட்டுப் போன எடை நின்றுகொண்டிருந்தது. படியேறியதில் அதற்கு மூச்சு வாங்கியது. செருப்பைக் கழற்றி ஓரமாக விட்டது.

“எல்லாரும் வந்தாச்சா?” என்று அம்மா கேட்டாள்.

“மீதி பஸ்ல வருது,” என்றது.

அக்கா நகர்ந்து உட்கார்ந்து இடம் விட்டாள்.