கீழாநெல்லிச் சாறு

மகள் ஜெனிட்டா மனச்சோர்வுக்கு மாத்திரை சாப்பிடுவதைப் பிலோமி யாரிடமும் சொல்லவில்லை. கல்லூரிக்கு ஏன் போவதில்லை என்று கேட்டவர்களிடம் மஞ்சள் காமாலை என்றாள். அன்று ராயபுரத்தில் அவர்கள் தெருவின் கத்தோலிக்கக் குடும்பங்கள் கூடும் அன்பிய ஜெபம் அவள் வீட்டில் நடந்தது. முடிந்ததும் பக்கத்து வீட்டு ரெஜினா நான்காவது நாளாகக் கீழாநெல்லிச் சாற்றை நீட்டினாள்.

"மூக்கப் புட்சிகினு குடிச்சிரு கண்ணு. பாரு, கண்ணுல மஞ்சள் எவ்ளோ கொறஞ்சிகீது!"

ஜெனிட்டா அம்மாவை ஒருமுறை பார்த்துவிட்டுக் குடிக்கத் தொடங்கினாள். அம்மாவின் மானத்தைக் காப்பாற்றத்தான் குடிக்கிறாள் என்று புரிந்ததும் பிலோமிக்கு உடம்பெல்லாம் கூசியது. டம்ளரைப் பிடுங்கினாள்.

"காமாலை இல்லக்கா. அவளுக்கு மனசு சரியில்ல. நான்தான் வெக்கப்பட்டுகினு பொய் சொன்னேன்."

"அடிப்பாவி! அதுக்கா புள்ளைய இத்தக் குடிக்க வுட்ட?"

பிலோமியால் மகளின் முகத்தை நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.