ஒன்பதாவது பதிவு

அம்மம்மா பேசியவை மொத்தம் பதினாறு பதிவுகள். எல்லாம் தெலுங்கு. பேரப்பிள்ளைகள் நாளைக்கு வாயில் வைக்க ஏதாவது மிஞ்ச வேண்டும் என்று, அண்ணன் அவள் சமையலறையிலேயே உட்கார்ந்து போனில் பிடித்தவை. அவள் போய்ச் சேர்ந்து நான்கு வருடம் கழித்து, வானொலி நிலையத்தில் ஒலிப்பதிவாளராக இருக்கும் தங்கை மதிய இடைவேளைகளில் கேட்டுக் கேட்டுத் தமிழில் தட்டச்சு செய்துகொண்டிருந்தாள்.

ஒன்பதாவது, வாழைக்காயில் கடுகு அரைத்துவிடும் கறி. "உப்பு போடு" என்று அம்மம்மா சொன்னதும் ஒரு குழந்தை கேட்டது: "எந்த?"

தெலுங்கில் அதற்கு எவ்வளவு என்று அர்த்தம். அம்மம்மா சிரித்தாள். "உன் கைக்கு ரெண்டு சிட்டிகை."

நிலையத்தில் பக்கத்து நாற்காலிக்காரர் திரும்பிப் பார்த்தார். "உங்க பொண்ணா? அந்தக் கரகரப்பு அவளேதான்."

தங்கை பதிவை நிறுத்தினாள். மகளுக்கு வயது மூன்று. தெலுங்கில் ஒரு வார்த்தை தெரியாது.

உடனே அண்ணனைக் கூப்பிட்டாள். "அண்ணா, வாழைக்காய் பண்ணப்போ கூட குழந்தை யாராவது இருந்துச்சா?"

"நானும் அம்மம்மாவும்தான். ஏன்?"

சொன்னாள்.

"அதை அழிச்சிடு. எனக்குக் கேக்க வேணாம்."

"அழிச்சா கறி போயிடுமே."

"போனா போகட்டும், விடு."

அவள் அழிக்கவில்லை. தொடவும் இல்லை. இரண்டு வாரம் வேறு வேலை இருப்பதாகத் தனக்கே பொய் சொல்லிக்கொண்டாள். ஒரு ஞாயிறு காலை வீட்டுக் கூடத்தில் மனதைத் திடப்படுத்திக்கொண்டு பத்தாவதை ஓடவிட்டாள். புளிக்குழம்பு. அம்மம்மா மட்டும்தான். குழந்தை இல்லை. நிம்மதியாக இருந்திருக்க வேண்டும், ஏமாற்றமாக இருந்தது.

மகள் உள்ளேயிருந்து வந்து, யாரோ நகர்ந்து இடம் கொடுத்ததுபோல் சோபாவின் ஓரத்தில் ஒண்டி உட்கார்ந்தாள். பதிவில் பெருங்காயம் போடும் இடம் வந்தது. மகள் வாய்பொத்திச் சிரித்தாள்.

"என்னடி சிரிப்பு?"

"தாத்தா ஓடிட்டாரு."

அதன் பிறகுதான் பதிவில் அம்மம்மா சொன்னாள், கல்யாணமான புதிதில் கொட்டைப்பாக்கு அளவு பெருங்காயம் போட்டு, நாற்றம் தாங்காமல் தாத்தா இலையை விட்டு எழுந்து ஓடிய கதையை.

அவளுக்கு எழுந்து பதிவை நிறுத்தலாமா, மகளைத் தூக்கிக்கொண்டு வெளியே போகலாமா என்று ஒரு கணம் தோன்றியது. பிறகு சத்தத்தைக் கொஞ்சம் கூட்டிவைத்துத் தட்டச்சைத் தொடர்ந்தாள்.