கவிழ்ந்து கிடந்த ரொட்டி

இருபத்திரண்டு வருஷமாகச் சொலாஞ்சுக்கு ஒரே வேலை. ஃபிர்மான் லெஸ்கூர் எழுதி இயக்கும் படங்களில், ஒரு காட்சியில் இடது கையில் இருந்த கோப்பை அடுத்த காட்சியில் வலது கைக்குப் போய்விடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். ஐந்து படம் எடுத்தார்கள். ஐந்துக்கும் பாரிஸ் தியேட்டர்களில் ஈ ஓட்டினார்கள். மனுஷனுக்குச் சூடு சொரணை இருந்தால்தானே? ஆறாவதை எழுதிக்கொண்டு ஒவெர்ன் மலைக் கிராமத்துக்கு வந்துவிட்டார்.

மிச்சம் இருந்தது கடைசிக் காட்சியும் நாலு நிமிஷத்துக்கான ஒரே பிலிம் சுருளும்தான். இனி ஒரு அடி பிலிம்கூடத் தர முடியாது என்று தயாரிப்பாளர் தந்தி அடித்துவிட்டார். அந்தக் காட்சியில், போருக்குப் போன மகன் இறந்துவிட்டதாகக் கடிதம் வருகிறது. தாய் உடைந்துபோக வேண்டும். தாயாக நடித்த மார்செலின் நடிகை அல்ல, அந்த ஊரில் மாடு வளர்ப்பவள். பத்து நாள் ஒத்திகையில் அவள் கண்ணிலிருந்து ஒரு சொட்டு வரவில்லை.

"புருஷன் செத்தப்பவே நான் அழல. இந்தக் காயிதத்தைப் பார்த்தா அழப்போறேன்?" என்றாள்.

"வெங்காயம் உரிச்சு வைக்கட்டுமா, மதாம்?" என்றான் கேமராக்காரன் கஸ்பார்.

"உன் மூக்குல வை."

கேமரா ஓட ஆரம்பித்தது. சொலாஞ்சின் கண் மேஜைக்குப் போனது. மேஜைமேல் ரொட்டி கவிழ்ந்து கிடந்தது. முந்தைய காட்சியில் நிமிர்ந்தல்லவா இருந்தது? அதோடு, கவிழ்ந்த ரொட்டி வீட்டுக்குச் சாவைக் கூட்டிவரும் என்று அங்கே பால்குடிக்கிற பிள்ளைக்கும் தெரியும். நிறுத்தச் சொல்ல வாயைத் திறந்தாள். லெஸ்கூர் திரும்பாமலே அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

மார்செலின் கடிதத்தைப் படித்தாள். மடித்தாள். முகத்தில் ஒன்றுமே இல்லை. படம் போச்சு என்று நினைத்தாள் சொலாஞ்.

அப்போதுதான் மார்செலின் ரொட்டியைப் பார்த்தாள். பதறிப்போய் ஓடி நிமிர்த்தினாள். நிமிர்த்திய கை அப்படியே நின்றது. இனி நிமிர்த்தி என்ன? வரவேண்டியது வந்தாயிற்று. ரொட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு மெல்லத் தரையில் உட்கார்ந்தாள். தோள்கள் குலுங்கின.

பிலிம் தீர்ந்து கேமரா நின்றது. கஸ்பார் மூக்கைச் சிந்தினான்.

"கவுத்து வெச்சது நீங்கதானே?" என்று லெஸ்கூரிடம் கேட்டாள் சொலாஞ்.

"பத்து நாள் அவங்க வீட்டுல சாப்பிட்டேன், சொலாஞ். ரொட்டி கவுந்து கிடந்தா அவங்களால ஒரு வாய் சூப் குடிக்க முடியாது. எனக்குத் தெரிஞ்சது அவ்வளவுதான். மிச்சம் நான் எழுதல."

என்ன மனுஷன் இவர்! பிழைகளை எழுதும் நோட்டை அன்று எதுவும் எழுதாமல் மூடினாள்.

படம் பாரிஸில் எட்டே நாள் ஓடியது. கடைசி நாள் சொலாஞ் போனாள். அரங்கில் ஒன்பது பேர். திரையில் அந்த மேஜை வந்தது. அவளுக்கு முன்னால், யாரோ ஒரு கோட்டுக்காரர், தன்னையறியாமல் இருட்டில் கையை நீட்டினார், ரொட்டியை நிமிர்த்த.